சேராத எலும்புக்கு ஒரு எண்

ஐம்பதுகளின் நடுவில், எனக்கு இருபத்திரண்டு வயதாக இருந்தபோது, செங்கல்பட்டில் ஓர் ஆஸ்பத்திரியில் நடந்தது இது. நான் அங்கே குமாஸ்தாவாகச் சேர்ந்து ஒரு வருஷம்தான் ஆகியிருந்தது. வீடு திருக்கழுக்குன்றத்தில். அப்பா இறந்த பிறகு அம்மாவும் இரண்டு தங்கைகளும் என்னை நம்பித்தான் இருந்தார்கள். எங்கள் குடும்பத்தில் கோயில் வேலையை விட்டு வெளியே வேலைக்குப் போன முதல் ஆள் நான், அதிலும் பெண். வேலையோ தற்காலிகம். ஆறு மாதத்துக்கு ஒருமுறை நீட்டித்துத் தருவார்கள். ஒவ்வொரு தடவையும் அந்த உத்தரவு கைக்கு வரும்வரை அம்மாவுக்குச் சாப்பாடு இறங்காது.

காலையில் வெளிநோயாளிகளுக்குச் சீட்டு எழுதிக் கொடுப்பேன். டாக்டர் பார்த்து முடித்ததும் அந்தச் சீட்டு என் ஜன்னலுக்கே திரும்பி வரும். அவர் ஆங்கிலத்தில் கிறுக்கியிருக்கும் நோயின் பெயரைப் படித்து, அதற்குரிய எண்ணை ஒரு சைக்ளோஸ்டைல் புத்தகத்தில் பார்த்து, சீட்டின் மூலையில் சிவப்பு மசியால் எழுத வேண்டும். உலகம் முழுவதும் ஒரு நோய்க்கு ஒரே எண் என்று சொல்லி அந்தப் புத்தகத்தைக் கொடுத்திருந்தார்கள். மாதக் கடைசியில் எந்த எண் எத்தனை என்று கூட்டிச் சென்னைக்கு அனுப்புவோம். பிறகு சீட்டுகளைக் கட்டாகக் கட்டி அலமாரியில் போட்டுவிடுவேன்.

இதில் ஒரு முக்கியமான விஷயம் உண்டு. வந்தவர் ஏற்கெனவே வந்தவரா என்று கேட்டு, பழைய சீட்டையும் எக்ஸ்ரே படத்தையும் தேடி எடுத்து, புதுச் சீட்டோடு சேர்த்து டாக்டரிடம் அனுப்ப வேண்டும். முதல் இரண்டு மாதம் ஒழுங்காகச் செய்தேன். பிறகு வரிசை நீண்டுகொண்டே போயிற்று. ஒரு பழைய சீட்டைத் தேட அரை மணி நேரம் ஆகும். அதற்குள் ஜன்னலுக்கு வெளியே சத்தம் போடுவார்கள். மெல்ல மெல்லக் கேட்பதையே விட்டுவிட்டேன். எல்லாருக்கும் புதுச் சீட்டுதான். யாரும் கண்டுபிடிக்கவில்லை.

ஆனி மாதத்தில் ஒரு நாள் புதுப்பட்டினத்திலிருந்து ஒரு மீன்காரம்மா வந்திருந்தாள். நாற்பது வயதுக்கு மேல் இருக்கும். நல்ல உயரம். வலது கை மணிக்கட்டை இடது கையால் தாங்கிப் பிடித்தபடியே நின்றாள். டாக்டர் பார்த்துவிட்டு, மணிக்கட்டின் சின்ன எலும்பு ஒன்றில் முறிவு, ஆறு வாரம் மாவுக்கட்டு என்று எழுதியிருந்தார். நான் புத்தகத்தைப் பார்க்கக்கூட இல்லை. மனப்பாடமாகத் தெரிந்த எண். 814 என்று சிவப்பில் எழுதினேன்.

அவள் நகரவில்லை. கம்பி வழியாகச் சீட்டையே பார்த்தாள்.

"இன்னா கண்ணு, போன தபாவும் இதே எழுத்துதான் போட்ட. அதுக்கு முந்தின தபாவும் இதேதான். ரெண்டு சுழி ஒட்டினாப்ல ஒண்ணு, அப்பால ஒரு குச்சி, அப்பால நாக்காலியக் கவுத்தாப்ல ஒண்ணு."

எனக்கு எரிச்சலாக வந்தது. "மணிக்கட்டு எலும்பு உடைஞ்சா இந்த நம்பர்தாம்மா. உனக்கு மட்டும் தனியாவா போடுவாங்க? நகரு, பின்னால ஆள் நிக்குது" என்றேன்.

"ஒடைஞ்சதுக்கு நம்பரு சரி. ஒடைஞ்சது எட்டு மாசமா சேராமயே கீதே, அதுக்கு நம்பரு இல்லியா?"

அவள் கோபமாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்வதற்காகத்தான் கேட்டாள். அவள் வாயை அடைக்கலாம் என்று புத்தகத்தைப் புரட்டினேன். பின்பக்கங்களில் ஓரிடத்தில் இருந்தது: முறிந்து சேராமல் நின்றுபோன எலும்பு. அதற்குத் தனி எண். அந்தப் பக்கத்தை நான் அதுவரை திறந்ததே இல்லை.

"எப்பம்மா விழுந்தே?"

"கார்த்தியில. மழைத் தண்ணியில கட்டுமரம் வழுக்கி, கையை ஊணிக்கினு வுழுந்தேன். மாவுக்கட்டு போட்டாங்க. பிரிச்சாங்க. கூடையத் தூக்கினா உசுரு போவுது. மாசியில வந்தேன், மறுபடி மாவுக்கட்டு. இப்பவும் மாவுக்கட்டுன்றாரு."

"முன்னாடியே வந்திருக்கேன்னு டாக்டர் கிட்ட சொல்லலையா?"

"பேப்பர்ல எல்லாம் எழுதிக்கீதுன்னு நெனச்சேன் கண்ணு. நீதான் எழுதினு இருந்தியே."

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. இடையில் டாக்டர்கள் இருவர் மாறியிருந்தார்கள். வந்த ஒவ்வொருவரும் ஒரே ஒரு புதுச் சீட்டையும் ஒரே ஒரு புது எக்ஸ்ரே படத்தையும்தான் பார்த்திருக்கிறார்கள். படத்தில் எலும்பில் ஒரு கோடு தெரியும். நேற்று விழுந்தவளின் கை என்று கட்டுப் போட்டிருக்கிறார்கள். மூன்று தடவையும் மூன்று புது நோயாளிகளாக அவளைக் கணக்குக் காட்டியவள் நான்.

அவளை உட்காரச் சொல்லிவிட்டு, ஜன்னலை இன்னொருவரிடம் ஒப்படைத்து, அலமாரியில் தேடினேன். கார்த்திகை மாதச் சீட்டுக் கட்டில் ஒன்று. மாசி மாதக் கட்டில் ஒன்று. இரண்டிலும் என் கையெழுத்தில் அதே சிவப்பு எண். எக்ஸ்ரே அறையில் இரண்டு படங்களும் பத்திரமாக இருந்தன. அவற்றை எடுத்துக்கொண்டு டாக்டர் அறைக்குப் போகும்போது எனக்குக் கை நடுங்கியது. அடுத்த வாரம் என் நீட்டிப்பு உத்தரவு வர வேண்டியிருந்தது. அவளும் கூடவே வந்தாள்.

டாக்டர் மூன்று படங்களையும் ஜன்னல் கண்ணாடியில் வரிசையாக வைத்துப் பார்த்தார்.

"மூணும் ஒரே கையா?"

"ஆமாம் சார்."

"இது இனிமே கட்டுல சேராது. மெட்ராஸ்ல ஆபரேஷன் பண்ணி, இடுப்பெலும்புல கொஞ்சம் எடுத்து வச்சாத்தான் உண்டு. இன்னும் ஆறு வாரம் சும்மா கட்டி அனுப்பியிருப்பேன்." என் பக்கம் திரும்பினார். "பழைய சீட்டெல்லாம் ஏம்மா சேர்த்து வரலை?"

நான் வாயைத் திறப்பதற்குள் அவள் முந்திக்கொண்டாள். "நாந்தான் சாரு, மொத தபா வர்றேன்னு சொன்னேன். பழைய சீட்டு தேடினா நேரமாவும், பஸ்ஸு போயிடும்னு."

டாக்டர் அவளை நன்றாகத் திட்டினார். படிக்காவிட்டாலும் அறிவு வேண்டாமா, உன் கையை நீயே கெடுத்துக்கொண்டாயே என்றார். வெளியே பெஞ்சில் இருந்தவர்கள் எல்லாம் எட்டிப் பார்த்தார்கள். அவள் தலையைக் குனிந்து கேட்டுக்கொண்டு நின்றாள். நான் பக்கத்தில் நின்றேன். பேசவில்லை. என் வாழ்க்கையில் நான் மிகவும் வெட்கப்படும் நிமிஷங்கள் அவை.

வராந்தாவுக்கு வந்ததும், "ஏன் அப்படிச் சொன்னீங்க?" என்று கேட்டேன். எனக்கே தெரியாமல் 'நீங்க' என்று வந்துவிட்டது.

"ஒன் கை நடுங்கினு இருந்திச்சு. ஒனக்கு வேலை போச்சின்னா என் கை சேந்துக்குமா?" என்றாள் சாதாரணமாக. பிறகு, "மெட்ராசுல அறுக்கணும்ன்றாரே, அங்க ஆருகிட்ட போறது, இன்னான்னு கேக்கறது?" என்று கவலைப்பட்டாள். அதுதான் அவளுக்குப் பெரிய விஷயமாக இருந்தது.

அன்று மதியம், டாக்டர் கிளம்பும் நேரத்தில் போய் நின்று, தவறு என்னுடையது, அந்த அம்மா எனக்காகப் பொய் சொன்னாள் என்று சொல்லிவிட்டேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"எத்தனை பேருக்கு இப்படி ஆகியிருக்கும்?"

"தெரியல சார்."

"தெரிஞ்சுக்கிட்டு வந்து சொல்லு. அப்புறம் பேசலாம்."

அவ்வளவுதான். அடுத்த மூன்று வாரம் எல்லாரும் போன பிறகும் உட்கார்ந்து, ஒரு வருஷக் கட்டுகளையும் பிரித்துப் பெயரும் ஊரும் பார்த்துச் சேர்த்தேன். அவளைப் போல இன்னும் சிலர் இருந்தார்கள். அவர்களுக்கு டாக்டர் கடிதம் போடச் சொன்னார். என் நீட்டிப்பு உத்தரவும் வந்தது. என் தவற்றைப் பற்றி அவர் மேலிடத்துக்கு ஒன்றும் எழுதவில்லை என்று பிறகுதான் தெரிந்தது.

மீன்காரம்மாவை நானே சென்னைக்கு அழைத்துப் போனேன். விழுந்த நாள் முதல் நடந்ததை எல்லாம் டாக்டர் சொல்லச் சொல்ல ஒரு முழுத் தாளில் எழுதி, மூன்று படங்களோடு வைத்திருந்தேன். ரயில் கூடுவாஞ்சேரியைத் தாண்டியது. பிறகு, "பயமா கீது கண்ணு, கைய வுடாத" என்றாள். எழும்பூர் வரும்வரை அவளுடைய இடது கையைப் பிடித்துக்கொண்டே போனேன். மீன்காரியின் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன் என்று அம்மாவுக்குத் தெரிந்தால் என்ன சொல்வாள் என்று ஒரு கணம் நினைத்தேன். பிறகு நினைக்கவில்லை.

ஆபரேஷன் முடிந்து நான்கு மாதம் கட்டு. பிரித்துப் படம் எடுத்தபோது கோடு மறைந்திருந்தது. மணிக்கட்டு முழுதாக மடங்காது, ஆனால் வலியில்லை. மறு வருஷம் மகாபலிபுரத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டுப் பஸ்ஸுக்கு நின்றிருந்தபோது எதிரே ஒரு பஸ்ஸிலிருந்து அவள் கூடையோடு இறங்கினாள். என்னைப் பார்த்ததும் கூடையைக் கீழே வைத்துவிட்டு, ஊரில் யாருக்கோ குழந்தை பிறந்த கதையை எல்லாம் சொன்னாள். நன்றி என்று நான் ஏதோ ஆரம்பித்தேன். "இன்னாத்துக்கு?" என்று நிஜமாகவே புரியாமல் கேட்டாள். என் பஸ் வந்தது. யாரையும் உதவிக்குக் கூப்பிடாமல் இரண்டு கையாலும் கூடையைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு நடந்துவிட்டாள்.

அதன் பிறகு முப்பது வருஷத்துக்கு மேல் அந்த வேலையில் இருந்தேன். தங்கைகளுக்குக் கல்யாணம் ஆயிற்று, அம்மா நிம்மதியாகக் கண் மூடினாள். என் தவற்றால் எட்டு மாதம் வலியில் கிடந்த ஒருத்தி, என்மேல் விழ வேண்டிய திட்டைத் தன்மேல் வாங்கிக்கொண்டு, அதைப் பெரிய காரியம் என்றுகூட நினைக்காமல் போனாள் என்பதை எண்ணும்போது, நான் இவ்வளவு காலம் யாருடைய பெருந்தன்மையில் நிமிர்ந்து வாழ்ந்தேன் என்பது எனக்கு மறப்பதே இல்லை.