இம்ரான் கட்டிய வீட்டின் கதவு

பேய், ஆவி என்று யாராவது ஆரம்பித்தாலே எழுந்து போகிற ஆள் நான். ஓசூரில் ஒரு உதிரிபாகக் கம்பெனியில் மெஷின் ஓட்டுகிறேன். இதை நீங்கள் நம்பியே ஆகவேண்டும் என்று சொல்லவில்லை, நடந்ததைச் சொல்கிறேன், அவ்வளவுதான்.

என்னோடு வேலை பார்த்த இம்ரான் போன வருடம் காய்ச்சலில் இறந்துபோனான். ஷிப்ட் முடிந்தால் நாங்கள் சிலர் ஆன்லைனில் லாரி ஓட்டும் விளையாட்டு ஒன்று விளையாடுவோம். பெங்களூர்க்காரர் ஒருவர் அதில் வீடு கட்டவும் வசதி சேர்த்து, தன் விருப்பத்துக்கு மாற்றித் தன் சர்வரில் நடத்திவந்தார். அதில் இம்ரான் ஒரு வீடு கட்டியிருந்தான். குந்தாரப்பள்ளிப் பக்கம் நிஜமாகவே கட்ட ஆசைப்பட்ட வீடு அது.

சர்வரை மூடப்போகிறார்கள் என்றதும் அவன் மனைவி ஷமீம் போன் செய்தாள். "அண்ணா, அந்த வீட்ட மட்டும் எப்படியாச்சும் எடுத்துக் குடுங்கண்ணா."

சர்வர்காரரிடம் அனுமதி கேட்டேன். "உங்க கம்ப்யூட்டருக்கு எறங்கற ஃபைலு எடுத்துக்கோங்க, பரவால்ல. ஆனா வீட்டோட உருவம்தான் வரும். கதவு தெறக்கறது, லைட் எரியறது எல்லாம் என் சர்வர்ல ஓடற புரோகிராம். அது வராது" என்றார்.

அதை எடுப்பதற்குள் நெட்டில் கிடைத்த ஏதோ ஒரு டூலைப் போட்டதில், என் கம்ப்யூட்டர் வைரஸ் ஏறிப் படுத்துவிட்டது. பழைய லேப்டாப் ஒன்றில் ஒருவழியாக எடுத்து, ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ஷமீம் வீட்டுக்கே கொண்டுபோனேன். நெட் இணைப்புகூடக் கொடுக்கவில்லை.

திரையில் வீடு அப்படியே நின்றது. "கதவு தெறக்காதும்மா, வெளியில இருந்து பாத்துக்கலாம்" என்று சொல்லிக்கொண்டே வாசல்வரை போனேன்.

நம்பினால் நம்புங்கள், கதவு திறந்தது. உள்ளே விளக்கு எரிந்தது. அப்போது என் கை கீபோர்டில் இல்லை.

ஷமீம் முகம் வெளுத்துப்போய், "போதும்ணா, மூடிருங்க" என்றாள். பட்டென்று லேப்டாப்பை மூடிவிட்டேன்.

பிறகு அந்த ஃபைலைத் துருவிப் பார்த்தேன். கதவும் சுவரும் ஒரே துண்டு. கதவு தனியாக இல்லவே இல்லை. எத்தனையோ தடவை ஓட்டிப் பார்த்தும் மறுபடி திறக்கவில்லை.

ஒருநாள் ஷமீமிடமே கேட்டேன், ஏன் அப்படி அவசரமாக மூடச் சொன்னாய் என்று.

"உள்ள இருந்து அவரு 'யாரு?'ன்னு கேட்டாரேண்ணா. உங்களுக்குக் கேக்கலியா?"

எனக்குக் கேட்கவில்லை. அந்த லேப்டாப்பில் ஸ்பீக்கர் போய் ரொம்ப நாளாகிறது. ஆனால் அவன் கேட்டிருந்தால், நாங்கள்தான் என்று ஒரு வார்த்தை சொல்லாமல் மூடிவிட்டேனே, அதுதான் இன்றைக்கும் என்னைத் தூங்கவிடாமல் செய்கிறது.