மகளுக்கு முன்னால் போய்ப் பார்த்த படங்கள்

என் மகளுக்கு ஆறு வயதிருக்கும்போது ஒரு நாள் ராகி மாவு டப்பாவைத் திறந்து கொஞ்சம் கீழே கொட்டிவிட்டாள். அடுப்படியில் இருந்த என் மனைவி திரும்பிக்கூடப் பார்க்காமல், "கொட்டும்மா, நல்லா கொட்டு. உங்கப்பா மூட்டை மூட்டையா வாங்கிப் போட்டிருக்காரு இல்ல" என்றாள். மகள் டப்பாவைக் கவிழ்த்து முழுவதையும் கொட்டினாள். கொட்டிவிட்டு, சொன்ன வேலையை முடித்த பிள்ளையைப் போல நிமிர்ந்து நின்றாள். முதுகில் ஒரு அடி விழுந்தது. எதற்கு அடி என்று அவளுக்குத் தெரியவில்லை.

அவளுக்கு ஆட்டிசம் என்று பெரிய ஆஸ்பத்திரியில் சொல்லியிருந்தார்கள். அந்த வார்த்தை எங்கள் வாயில் நுழையவே பல நாள் ஆயிற்று. அப்போது பெங்களூர் தொம்மலூரில், ஒரே கேட்டுக்குள் ஆறு குடித்தனம் இருக்கிற இடத்தில் வாடகைக்கு இருந்தோம். பக்கத்தில் ஒரு வீட்டையே பள்ளிக்கூடமாக்கி, இப்படிப்பட்ட பிள்ளைகளை ஒரு டீச்சர் பார்த்துக்கொண்டார். கன்னடக்காரர். எங்களுக்காகத் தமிழ் பேசுவார். மாவு கொட்டிய கதையைக் கேட்டதும் என் மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்:

"அம்மா, அவளுக்குக் கொட்டுன்னா கொட்டறது. அஷ்டே, அவ்ளோதான். அதுக்குப் பின்னாடி இன்னொண்ணு இருக்குன்னு அவளுக்குத் தெரியாது. நீங்க நேரா பேசணும்."

நேராகப் பேசுவது என் மனைவிக்குச் சுலபமான காரியம் இல்லை. அவள் ஜோகுபாளையத்தில் பிறந்து வளர்ந்தவள். தண்ணீர்க் குழாயடிக்குத் தாமதமாக வருகிறவளை "வாங்க கலெக்டரம்மா" என்று கூப்பிடுகிற தெரு அது. கோபம், பாசம், வருத்தம் எல்லாமே அவளுக்கு நக்கலாகத்தான் வெளியே வரும். நான் அதற்கு நேர் எதிர். எனக்குப் பேச்சே வராது. அஞ்சாம் வகுப்போடு படிப்பு நின்றது. எம்.ஜி. ரோடு பக்கம் ஒரு ஆபீஸ் கட்டடத்தில் லிஃப்ட் ஓட்டுகிற வேலை. எந்த மாடி என்று கேட்பதைத் தவிர, நாள் முழுக்க வாயைத் திறக்கத் தேவையில்லாத வேலை. எனக்கு அது பிடித்திருந்தது.

என் மனைவிக்கு சினிமா என்றால் உயிர். கல்யாணத்துக்கு முன்னால் அக்கா தங்கைகளோடு பெண்கள் வரிசையில் நின்று டிக்கெட் வாங்கி, ஒரு படத்தையும் விட்டதில்லை. மகள் பிறந்த பிறகு எல்லாம் நின்றுபோயிற்று. அவள் என்னிடம் நகை கேட்டதில்லை. "மூணு பேரும் ஒரு நாள் தியேட்டர்ல உக்காந்து, ஒரு படத்த முழுசா பாத்துட்டு வந்தா போதும்" என்று மட்டும் அடிக்கடி சொல்வாள். அவள் நக்கல் இல்லாமல் சொன்ன ஒரே விஷயம் அதுதான்.

ஒரு ஆடி மாதம் பக்திப் படம் ஒன்று வந்தது. சாமி படத்தில் வம்பு இருக்காது என்று நினைத்தோம். சண்டை இருக்காது, அசிங்கப் பேச்சு இருக்காது. மகளுக்கும் சாமி படங்களைப் பார்க்கப் பிடிக்கும். காலண்டரில் உள்ள எல்லாச் சாமிகளையும் பெயர் சொல்லிக் காட்டுவாள். உள்ளே போய் உட்கார்ந்தோம். அம்மன் வந்தாள், மகள் கைதட்டினாள். அரை மணி நேரம் என் மனைவியின் முகத்தில் இருந்த சந்தோஷத்தை நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை.

பிறகு அம்மன், பக்தையைச் சோதிக்க ஒரு கிழவியாக மாறி, கையில் தடியோடு வந்து, "நான் அநாதை, எனக்கு யாரும் இல்லை தாயே" என்றாள்.

மகள் எழுந்து நின்றுவிட்டாள். "பாட்டி இல்ல! அது அம்மன்! பொய் சொல்லுது!"

பின்வரிசையில் யாரோ, "பக்தைக்குத் தெரியாதது பாப்பாவுக்குத் தெரிஞ்சிருச்சுடா" என்றார்கள். எல்லோரும் சிரித்தார்கள். மகள் சிரிப்பைக் கேட்டு இன்னும் பயந்தாள். காதைப் பொத்திக்கொண்டு, "பொய், பொய்" என்று கத்திக்கொண்டே இருந்தாள். சாமியே பொய் சொன்னால் அவள் பிறகு யாரை நம்புவாள்? தூக்கிக்கொண்டு வெளியே வந்தோம். பஸ்ஸில் என் மனைவி ஜன்னல் பக்கம் திரும்பியபடி, "சினிமா அவ்ளோதான். விடு" என்றாள்.

என்னால் அதை விட முடியவில்லை. மகளைப் பள்ளிக்கூடத்திலிருந்து கூட்டி வரப் போனபோது டீச்சரிடம், நெடுநேரம் நின்று தயங்கி, நடந்ததைச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. "மொதல்ல நீங்க போய் நோடிட்டு, பாத்துட்டு வாங்க" என்றார். "நல்லவன் நல்லவனாவே இருக்கற படம். சிரிச்சா சந்தோஷம், அழுதா துக்கம். அந்த மாதிரி ஒண்ணு கண்டுபிடிங்க. கிடைக்கும்."

எனக்குக் காலை ஷிஃப்ட். ஆறு மணிக்குப் போனால் இரண்டு மணிக்கு முடியும். நேராக மேட்னிக்குப் போக ஆரம்பித்தேன். மனைவியிடம் சொல்லவில்லை. நல்ல படமாக ஒன்று கிடைத்த பிறகு சொல்லலாம், வீணாக ஆசை காட்டக் கூடாது என்று நினைத்தேன்.

அதுவரை நான் படங்களை அப்படிப் பார்த்ததில்லை. கன்னத்தில் ஒரு மரு ஒட்டிக்கொண்டு கதாநாயகன் வில்லன் வீட்டுக்கே போகிறான், யாருக்கும் அடையாளம் தெரியவில்லை. காதலியின் நன்மைக்காக அவளை வெறுப்பதுபோல நடிக்கிறான். தலையில் அடி வாங்குகிறவன் வலியில் துடிக்கிறான், தியேட்டரே சிரிக்கிறது. வில்லன்தான் படத்தில் எல்லோரையும்விட மரியாதையாகப் பேசுகிறான். என் மகளை இங்கே கூட்டி வந்தால் எத்தனை தடவை எழுந்து நிற்பாள் என்று யோசித்தபடியே பார்ப்பேன்.

ஒரு நாள் என் மைத்துனன் என்னைத் தியேட்டர் வாசலில் பார்த்துவிட்டான். ஆட்டோ ஓட்டுகிறவன். அன்றே வீட்டுக்கு வந்து அக்காவிடம் சொல்லிவிட்டான்.

"மாமாவ ஒண்ணும் தெரியாத ஆளுன்னு நெனச்சோம்கா. தனியா மேட்னி பாக்குறாரு. போன வாரமும் பாத்தேன்."

என் மனைவி என்னைப் பார்த்தாள். "அப்படியா. படம் எல்லாம் நல்லா இருந்துதுங்களா துரைக்கு? முறுக்கு வாங்கித் தின்னீங்களா?"

"முறுக்கு வாங்கல" என்றேன்.

அவள் அழ ஆரம்பித்துவிட்டாள். நான் பதறிப்போனேன். டீச்சர் சொன்னது, நான் பார்த்தது, ஒன்றும் சரிப்படாதது எல்லாவற்றையும் சொன்னேன். என் வாழ்நாளில் அவ்வளவு நேரம் தொடர்ந்து பேசியது அன்றுதான். மைத்துனன் வாயைப் பொத்திக்கொண்டு எழுந்து போனான். அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "ஒண்ணுகூடவா தேறல?" என்று கேட்டாள்.

"இன்னிக்குப் பாத்தது தேறும்னு தோணுது. குடும்பப் படம். எல்லாரும் ஒழுங்காப் பேசறாங்க."

"எங்க, சொல்லு கேக்கலாம்."

சொன்னேன். அவள் பீன்ஸ் நறுக்கிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தாள். "மாமியார் சின்ன மருமக வீட்டுக்குப் போறாங்க. அவ, 'வாங்க அத்தை, இப்பத்தான் வழி தெரிஞ்சுதா'ன்னு கேக்கறா. பாவம், புது வீடு போல. கிழவி ரொம்ப சுத்தியிருக்கும்" என்றேன்.

அவள் கையிலிருந்த கத்தி நின்றது. "இன்னாது? மூஞ்ச எப்படி வச்சிக்கிட்டுக் கேட்டா?"

எனக்கு அதைச் சொல்லத் தெரியவில்லை. அதனால் செய்து காட்டினேன். கழுத்தை ஒரு பக்கமாகச் சாய்த்து, உதட்டைச் சுழித்து. அவள் சிரித்த சிரிப்பில் பீன்ஸ் எல்லாம் மடியிலிருந்து உருண்டு ஓடியது.

"யோவ், வழி கேக்கலய்யா அவ! எதுக்கு வந்தேன்னு கேக்கறா!"

"அப்படியா?"

"உன்னையும் உன் பொண்ணையும் ஒரே அச்சுல ஊத்தியிருக்கான்" என்றாள்.

அந்தப் படம் தள்ளுபடி. ஆனால் அன்றிலிருந்து எங்களுக்குள் ஒரு ஏற்பாடு உண்டானது. நான் போய்ப் பார்த்து வருவேன். வந்து கதையைச் சொல்வேன், முகங்களோடு. நக்கல் எங்கே இருக்கிறது என்று அவள் கண்டுபிடிப்பாள். எனக்குத் தெரியாமல் போவது ஒன்றுகூட அவளுக்குத் தப்பாது. நான் சொல்லும்போது மகள் சுவர்ப் பக்கம் திரும்பி உட்கார்ந்திருப்பாள். கேட்கவில்லை என்றே நினைத்தோம். ஒரு நாள் நான் ஒரு காட்சியை மாற்றிச் சொல்லிவிட்டேன். சுவரைப் பார்த்தபடியே அவள் அதைத் திருத்தினாள்.

டீச்சரும் பள்ளிக்கூடத்து டி.வி.யில் போட எங்களைக் கேட்டு வீடியோ கேசட் வாடகைக்கு எடுக்க ஆரம்பித்தார். ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒவ்வொரு மாதிரிப் படம். ஒரு பையனுக்குப் பாட்டு வந்தால் ஆகாது. பாட்டு நடுவில் அவர்கள் எப்போது துணி மாற்றினார்கள் என்று கேட்டு அழுவான். அவனுக்காகப் பாட்டு வந்ததும் டீச்சர் வேகமாக ஓட்டிவிடுவார். என் மனைவி அதைக் கேட்டுவிட்டு, "நியாயமான கேள்விதானே, நமக்கு ஏன் தோணல?" என்றாள். அதை அவள் நிஜமாகத்தான் சொன்னாள்.

இரண்டாயிரத்தில், பெரிய கன்னட நடிகர் ஒருவரைக் காட்டுக்குக் கடத்திப்போனதில் ஊரில் பெரிய கலாட்டா. பல மாதம் எந்தத் தியேட்டரிலும் தமிழ்ப் படம் போடவில்லை. நான் கன்னடப் படங்களுக்குப் போனேன். அதில் ஒன்று யானைக்குட்டிப் படம். பள்ளத்தில் விழுந்த குட்டியை ஒரு காட்டு இலாகா ஊழியர் குடும்பம் எடுத்து வளர்க்கிறது. வளர்ந்ததும் காட்டில் கொண்டுபோய் விடுகிறது. அவ்வளவுதான் கதை. யானை மனதில் ஒன்று வைத்து வெளியே ஒன்று காட்டுவதில்லை. நான் சொல்லச் சொல்ல என் மனைவி குறுக்கே குறுக்கே கேள்வி கேட்டாள். கடைசியில், "இது சரி" என்றாள்.

ஒரு வாரம் தினமும் மகளுக்கு அந்தக் கதையைச் சொன்னேன். பிறகு மூன்று பேரும் போனோம். வாசலில் டிக்கெட் கிழிக்கிறவரிடம் மகளைப் பற்றிச் சொன்னேன். அவர் எங்களைக் கதவுப் பக்கத்தில் ஓரமாக உட்காரவைத்து, "எத்தன தடவ வேணாலும் வெளிய போய் வாங்க, நான் கேக்க மாட்டேன்" என்றார். அவர் முகம் இப்போதும் நினைவிருக்கிறது.

மகள் பயப்படவில்லை. ஆனால் கதை முழுவதும் தெரியும் என்பதால் ஒவ்வொன்றையும் முன்கூட்டியே சத்தமாகச் சொன்னாள். "இப்ப குட்டி விழும். இப்ப பால் குடிக்கும்." முன்னால் இருந்த ஆள் இரண்டு தடவை திரும்பிப் பார்த்தார். மூன்றாவது தடவை எங்கள் தமிழைக் கேட்டுத் தமிழிலேயே சொன்னார்: "கதைய பூரா பாப்பாவே சொல்லிட்டா, எங்க டிக்கெட் துட்ட யாரு குடுக்கறது?"

"எங்கப்பா குடுப்பாரு" என்றாள் மகள்.

நான் சட்டைப் பையில் கையை விட்டேன். என் மனைவி என் கையைப் பிடித்து அழுத்தினாள். "தமாஷ் பண்றாருய்யா. சும்மா இரு." அந்த ஆள் சிரித்துவிட்டார். பிறகு திரும்பவே இல்லை.

இடைவேளைக்குப் பிறகு நான் எதிர்பார்க்காத ஒன்று திரையில் வந்தது. குட்டியின் காலில் கம்பி ஏறி, ரத்தம் வழிய அது பிளிறியது. எனக்கே அது புதிது. மகள் விறைத்துப்போனாள்.

"இது இல்ல. அப்பா சொன்ன படத்துல இது இல்ல." காதைப் பொத்தி எழுந்துவிட்டாள். இன்று வெளியே போனால் இனி எப்போதும் உள்ளே வர மாட்டாள், அவள் அம்மாவும்தான்.

என் மனைவி எழுந்து அவள் பக்கத்தில் குனிந்தாள். "ஆமா. அப்பா இத சொல்லல. குட்டிக்குக் கால்ல கம்பி குத்திடுச்சு. வலிக்குது. அதனால அழுவுது."

"அப்புறம்?"

"அப்புறம் எனக்குத் தெரியாது. நானும் இன்னும் பாக்கல. உக்காந்தா பாக்கலாம்."

நான் கேட்டதிலேயே அவள் அவ்வளவு நேராகப் பேசியது அதுதான். மகள் கொஞ்ச நேரம் நின்றாள். பிறகு சீட்டின் நுனியில் உட்கார்ந்து, அம்மாவின் வளையலைப் பிடித்துக்கொண்டாள். திரையில் ஒரு டாக்டர் வந்து கம்பியை இழுத்தார்.

"எடுத்துட்டாங்க" என்றாள் மகள்.

"எடுத்துட்டாங்க" என்றாள் அவள் அம்மா.

விளக்குப் போடும்வரை உட்கார்ந்திருந்தோம். எல்லோரும் போன பிறகும் என் மனைவி எழுந்திருக்கவில்லை. டிக்கெட் கிழித்தவர் கதவைத் திறந்து பிடித்தபடி பொறுமையாக நின்றார்.

பஸ் ஸ்டாப்பில் அவள் கேட்டாள், "கம்பி குத்துன எடத்துல நீ இன்னா பண்ணிட்டிருந்த?"

யோசித்துப் பார்த்தேன். காலை ஷிஃப்ட் முடித்துப் போன அலுப்பு. "கொஞ்சம் தூங்கிட்டேன் போல" என்றேன்.

"துட்டு குடுத்துப் போய்த் தூங்கியிருக்காரு. நல்லா இருக்கு, ரொம்ப நல்லா இருக்கு."

"நல்லா இருக்கு" என்றாள் மகள்.

என் மனைவி உடனே அவள் பக்கம் திரும்பினாள். "இல்லம்மா. அப்பா தூங்குனது நல்லா இல்ல. படம் நல்லா இருந்துது."

"படம் நல்லா இருந்துது" என்றாள் மகள்.

பஸ் வந்தது. மூன்று பேருக்கும் ஒரே சீட்டில் இடம் கிடைத்தது. தொம்மலூர் வரும்வரை என் மனைவி அந்தப் படத்தின் கதையை முதலிலிருந்து எனக்குச் சொல்லிக்கொண்டு வந்தாள்.