அடுப்படியில் இருந்து பார்த்த படம்

அந்தப் படத்தை நான் உள்நோக்கத்தோடுதான் தேர்ந்தெடுத்தேன். ஆண்கள் வீட்டுக்குள் அடங்கிக் கிடக்க, பெண்கள் வெளியே அதிகாரம் பண்ணித் திரியும் ஒரு ஜெர்மன் சிரிப்புப் படம். டுசல்டோர்ஃபில் நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் என்னை முழுநேரமாக வரச் சொல்லியிருந்தார்கள். விடியற்காலை வேலை, திங்கட்கிழமை பதில் சொல்ல வேண்டும். எனக்கு ஆசையோ ஆசை. கணவரிடம் கேட்டால் "பாப்பம்" என்பார். அவர் "பாப்பம்" என்றால் அந்த விசயத்துக்குப் பாடை கட்டியாயிற்று என்று அர்த்தம். முதலில் படத்தைப் பார்த்து மனுசன் இளகட்டும், பிறகு கேட்போம் என்று நினைத்தேன்.

ஞாயிறு மத்தியானம் கணவரின் தமையனும் மனைவியும், எனக்கு அத்தானும் அக்காவும், வந்திருந்தார்கள். எங்கள் வீடுகளின் வழக்கம் தெரியும்தானே! அத்தானும் கணவரும் சோபாவில், அக்காவும் நானும் அடுப்படியில். அக்கா ரோல்ஸ் சுற்றினார், நான் பொரித்தேன். நான் தேர்ந்தெடுத்த படத்தின் சத்தம் மட்டும்தான் எனக்குக் கேட்டது.

"என்னவாம் நடக்குது?" என்று எட்டிப் பார்த்தேன்.

"ஐயோ பாவம்! மனுசி கால்மேல கால் போட்டுக்கொண்டு இருக்கிறா, அவன் அடுப்படியிலை நிண்டு வேகிறான்!" அத்தான் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"எங்கட ஆம்பிளையள் எல்லாரும் இதைக் கட்டாயம் பாக்கவேணும்," என்றார் என் கணவர். "இஞ்சேருமப்பா, ரோல்ஸ் முடிஞ்சுது, இன்னும் கொண்டு வாரும்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கரண்டியைக் கொண்டுபோய் அவர் கையில் திணித்துவிட்டு, அவர் பக்கத்தில் தொப்பென்று இருந்தேன்.

"என்ன விளையாட்டு இது?"

"எண்ணெய் கொதிக்குது. ஓடுங்கோ, எரியப்போகுது!"

மனுசன் பாய்ந்து ஓடினார். அந்த இடத்தில் அக்கா மாவுக் கையோடு வந்து உட்கார்ந்தார். கொஞ்ச நேரத்தில் நாங்கள் இருவரும் வயிறு குலுங்கச் சிரித்தோம். "என்ன, என்ன நடந்தது?" என்று அடுப்படியிலிருந்து குரல் வந்தது. எனக்குக் கதை சொல்லப் பொறுமை இருக்கவில்லை.

"நாளைக்கு முழுநேரம் வாறன் எண்டு சொல்லப்போறன்," என்றேன்.

கரண்டியோடு வாசலில் வந்து நின்றார். "அப்ப காலமை பிள்ளையளை எழுப்பி, சாப்பாடு குடுத்து, பள்ளிக்கூடத்துக்கு அனுப்புறது ஆர்?"

"நீங்கள்."

படத்தில் இப்படி ஒரு காட்சி வந்திருந்தால் அத்தான் சோபாவிலிருந்து உருண்டு விழுந்திருப்பார். இப்போது தொலைக்காட்சியை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. சிரித்தது அக்கா மட்டும்தான்.