முன்னால் நின்று கூப்பிடுகிறவள்

“யாரு பை இது?”

வண்டி நிற்கிற இடத்திலெல்லாம் நாகஜோதி கேட்கிற முதல் கேள்வி இதுதான். அவனியாபுரத்துக்கும் பெரியார் நிலையத்துக்கும் நடுவே ஓடுகிற அவளுடைய ஷேர் ஆட்டோவில், ஆள் இல்லாத பை ஒன்று சீட்டுக்கடியில் கிடந்தால் போதும். வண்டியை ஓரங்கட்டி அத்தனை பேரையும் இறக்கிவிடுவாள். அப்படித்தான் ஒருநாள் வில்லாபுரத்தில், உச்சி வெயிலில், எல்லாரையும் இறக்கித் தள்ளி நிற்கவைத்துவிட்டுப் போலீசுக்குப் போன் அடித்தாள். போலீஸ் வந்தது, மோப்ப நாய் வந்தது, வேடிக்கை பார்க்கிற கூட்டமும் வந்தது. பையைத் திறந்தால் கத்திரிக்காய். ஆட்டோ ஸ்டாண்டில் அதன் பிறகு வெகுநாள் அவளைக் ‘கத்திரிக்கா’ என்றே கூப்பிட்டார்கள்.

அவள் அசரவில்லை. “கத்திரிக்காயா இருந்ததுனாலதேன் சிரிக்கிறீகண்ணே. நாளைக்கும் கத்திரிக்காயாவே இருக்கட்டும். நாளைக்கும் சிரிங்க” என்று சொல்லிவிட்டு வண்டியைக் கிளப்பினாள்.

நாற்பதைத் தாண்டியவள். சேலைக்கு மேல் காக்கிச் சட்டை, காதில் சின்னதாக ஒரு தோடு, கண்ணாடியில் முகம் பார்க்கக்கூட நேரம் இல்லாத நடை. ஆனால் அந்தக் குரல் இருக்கிறதே, அதை ஆண்டவன் அளந்து கொடுக்க மறந்துவிட்டான். “தெற்குவாசல், பெரியார்! தெற்குவாசல், பெரியார்!” என்று அவள் அவனியாபுரத்தில் கூப்பிட்டால், டீக்கடையில் உட்கார்ந்திருப்பவன் தனக்கு அங்கே ஏதோ வேலை இருப்பதாக எண்ணி எழுந்துவிடுவான்.

அவள் குடியிருக்கிற பள்ளத்தெரு, பெரிய கண்மாய்க் கரைக்கும் பட்டறை வரிசைக்கும் இடையே சரிந்து இறங்குகிறது. மேல் முனையில் சமுதாயக்கூடம். அடி முனையில் முத்துத்தாயின் வீடு. அடைமழை பெய்தால் மற்ற தெருக்கள் நனையும், பள்ளத்தெரு மிதக்கும். அப்படிப்பட்ட தெருவை யாரும் கேட்டுக்கொள்ளாமலே தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டவள் நாகஜோதி.

வீட்டுக்கு வீடு நிலைக்கதவுக்குப் பக்கத்தில் ஆணியில் ஒரு மஞ்சப்பை தொங்க வேண்டும் என்பது அவள் போட்ட சட்டம். கல்யாண வீட்டில் தேங்காய் போட்டுக் கொடுக்கிற அதே பைதான். அதற்குள் ஆதார், ரேஷன் கார்டு, அன்றாடம் விழுங்குகிற மாத்திரை, டார்ச் லைட், ஒரு பாட்டில் தண்ணீர். சொன்னபோது எல்லாரும் நன்றாகத்தான் தலையாட்டினார்கள். கொஞ்ச நாள் கழித்துப் போய்ப் பார்த்தால், அன்னக்கொடி வீட்டுப் பையில் மிக்ஸி ஜார் இருந்தது. வெல்டிங் பட்டறை விருமாண்டி வீட்டுப் பையில் வெற்றிலை பாக்கும் ஒரு சீப்பு வாழைப்பழமும் இருந்தன. மனிதர் அந்தப் பையையே ஒரு நிச்சயதார்த்தத்துக்குத் தூக்கிப் போய்விட்டு வந்து, அப்படியே மாட்டி வைத்திருக்கிறார்.

“என்னண்ணே, வெள்ளம் வந்தா தாம்பூலம் குடுத்து அனுப்பப் போறீகளா?”

விருமாண்டி அதிலிருந்தே ஒரு வெற்றிலையை எடுத்து நரம்பு கிள்ளி வாயில் போட்டுக்கொண்டார். மறுநாள் பை ஒழுங்காக இருந்தது.

அந்தப் பைக்குள் தண்ணீர் பாட்டில் வந்த கதையைச் சொன்னால்தான் நாகஜோதி யார் என்பது விளங்கும்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் தீயணைப்பு நிலையத்துக்காரர்கள் வந்து தெருவில் ஒத்திகை நடத்தினார்கள். விசில் சத்தம் கேட்டதும் கேஸை மூடிவிட்டு எல்லாரும் சமுதாயக்கூடத்துக்கு ஏறிவிட வேண்டும். விசில் அடித்தது. சனமும் சொன்னபடி வெளியே வந்தது. அந்த நேரம் பார்த்து அன்னக்கொடியின் மாமியார் வீட்டுக்குள்ளிருந்து, “ஏடி அன்னக்கொடி, எங்க போறே? செல்போன விட்டுட்டுப் போறியே” என்று குரல் கொடுத்தார். படி தாண்டியவளைப் பின்னாலிருந்து கூப்பிட்டாயிற்று. அதிலும் ‘எங்க போறே’ என்று கேட்டாயிற்று. போகிற காரியம் உருப்படுமா? அன்னக்கொடி திரும்பி உள்ளே போனாள், உட்கார்ந்தாள், ஒரு செம்பு தண்ணீர் குடித்தாள், அதன் பிறகுதான் எழுந்தாள். அதற்குள் எதிர்வீட்டில் ஒருவரைக் கூப்பிட்டுவிட்டார்கள், பக்கத்து வீட்டில் இன்னொருவரை. கொஞ்ச நேரத்தில் பாதித் தெரு வீட்டுக்குள் உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தது.

வந்திருந்த அதிகாரிக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. நல்ல மனிதர், அடக்கிக்கொண்டார். தெருக்காரர்களுக்கே தங்களைப் பார்த்துச் சிரிப்பு வந்தது. ஆனால் சிரித்த வாய் பாதியில் நின்றுவிட்டது. ஒருவர் பின் ஒருவராக எல்லார் கண்களும் அடி முனை வீட்டுப் பக்கம் திரும்பின.

அதற்கு முந்தின ஐப்பசியில் கண்மாய் உடைத்துக்கொண்டு வந்த அன்று, முத்துத்தாயின் புருஷன் சின்னான் வெளியேதான் வந்துவிட்டிருந்தார். “எங்க போறீக, சட்டையப் போட்டுக்கிட்டுப் போங்க” என்று முத்துத்தாய் பின்னாலிருந்து கூப்பிட்டாள். அவர் முகம் சுளித்துத் திரும்பி வந்து கட்டிலில் உட்கார்ந்து தண்ணீர் கேட்டார். செம்பை அவள்தான் எடுத்துக் கொடுத்தாள். கொடுத்துவிட்டு, வெள்ளம் எதுவரை வந்திருக்கிறது என்று பார்க்க வாசலுக்கு வந்தாள். அவள் முதுகுக்குப் பின்னால் ஊறிப்போன சுவர் சரிந்து விழுந்தது. அவளுக்கு ஒரு கீறல் இல்லை. சின்னானைத்தான் தூக்கி வந்தார்கள்.

“கூப்புட்டவ நாந்தேன்” என்று துக்கம் கேட்க வந்தவர்களிடம் சொன்னாள். அதன் பிறகு அவள் யாரையும் கூப்பிட்டதில்லை. தெருவில் போகிறவர் கைக்குட்டையைத் தவறவிட்டால்கூட, எடுத்துக்கொண்டு ஓடி முன்னால் போய் நின்று நீட்டுவாளே தவிர வாய் திறக்க மாட்டாள். தன் கோழிகளையும் ‘பா, பா’ என்று அழைப்பதில்லை. தீனியை இறைத்துவிட்டுக் காத்திருப்பாள்.

அந்த ஒத்திகை அன்று, ஊர் தன் வீட்டைத் திரும்பிப் பார்த்ததை அவள் ஜன்னல் வழியாகப் பார்த்தாள். எழுந்து போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

நாகஜோதிதான் முதலில் பேசினாள். “சகுனத்தோட நாம சண்டைக்கு நிக்க முடியாது சார். பின்னாடி கூப்புட்டாத்தான தப்பு? முன்னாடி நின்னு கூப்புடுவோம். நான் வண்டிக்கு ஆள் ஏத்துறவ. முதுகுக்குப் பின்னாடி நின்னு கத்துனா எவனும் ஏற மாட்டான். மூஞ்சிக்கு நேரா நின்னு ‘வாங்க’ன்னா, வேணாம்னு நெனச்சவனும் ஏறிருவான்.”

அன்றோடு பள்ளத்தெருவில் ஆபத்து நேரத்துக்கு ‘போ’ என்ற சொல்லே கிடையாது என்றானது. முதலில் வெளியே வருகிறவர் நாலு எட்டு முன்னால் போய்த் திரும்பி நின்று, வீட்டைப் பார்த்து ‘வாங்க’ என்று கூப்பிட வேண்டும். விட்டதை விட்டுவிட வேண்டும்.

அன்னக்கொடிக்குச் சந்தேகம் தீரவில்லை. “பழக்கதோசத்துல யாராச்சும் பின்னாடி கூப்புட்டுத் தொலைச்சுட்டா?”

“பையில ஒரு பாட்டில் தண்ணி வையி. நடந்துகிட்டே குடி.”

“உக்காரணும்ல?”

“மேட்டுல என் ஆட்டோ நிக்கும். அதுல வந்து உக்காரு.”

அதிகாரி அதைக் குறித்துக்கொண்டார். பிறகு வேறொரு தெருவில் ஒத்திகை நடத்தப் போனபோது, விசிலைப் பையில் போட்டுக்கொண்டு அவரே முன்னால் போய் நின்று ‘வாங்க’ என்றாராம்.

இப்போது அமாவாசைதோறும் காலையில் ஒத்திகை. பட்டறைக்காரர்கள் வண்டிக்கும் மிஷினுக்கும் எலுமிச்சம்பழம் வைக்கிற நாள், ஆகையால் யாரும் மறப்பதில்லை. முத்துத்தாய் அதை ஜன்னல் கம்பிக்குப் பின்னால் உட்கார்ந்து பார்ப்பாள். நாகஜோதி தெருவின் அடி முனைக்கு வந்து நின்று ஒரே ஒரு தடவை “வாங்க” என்பாள். வீடு வீடாக கேஸ் மூடுகிற சத்தம் கேட்கும். கதவுகள் திறக்கும். குழந்தையை இடுப்பில் வைத்தவளும், கட்டிலோடு தூக்கி வரப்படுகிற கிழவரும், வாயில் வெற்றிலையோடு விருமாண்டியும், தோளில் ஒரு மஞ்சப்பையோடு வெளியே வருவார்கள். நாகஜோதி பின்னோக்கி நடந்தபடியே, முகத்தை அவர்கள் பக்கம் வைத்துக்கொண்டு, கையை அசைத்து அசைத்து அழைத்துப் போவாள். எந்நேரமும் குழாயடிச் சண்டையும் டிவி சத்தமுமாகக் கிடக்கிற தெரு, ஒரு சொல் பேசாமல் மேடேறிப் போகும். எத்தனை தடவை பார்த்தாலும் முத்துத்தாய்க்கு மேலெல்லாம் சிலிர்த்துவிடும். சாமி புறப்பாட்டில்கூட இந்தச் சனம் இப்படி ஒரே மனசாக நடந்து அவள் கண்டதில்லை. ஒரு மனுஷி, ஒற்றைச் சொல்லால், இத்தனை உயிர்களைக் கட்டி இழுத்துக்கொண்டு போகிறாளே என்று வாய் பிளந்து பார்த்துக்கொண்டிருப்பாள்.

எல்லாரையும் மேட்டில் விட்டபின் நாகஜோதி திரும்ப இறங்கி வருவாள். முத்துத்தாயின் வாசலுக்கு எதிரே நின்று, “வாங்க மதினி” என்பாள். கதவு திறக்காது. கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, அடுத்த அமாவாசைக்கு வருவதாகச் சொல்லிக் கிளம்புவாள். ஒரு தடவைதான் முத்துத்தாய் ஜன்னல் வழியாகப் பேசினாள்.

“நெசமாவே தண்ணி வந்தா என்ன செய்வே சோதி?”

“இங்கன நின்னு கூப்புடுவேன்.”

“நான் வரலேன்னா?”

“நிப்பேன்.”

“நீயுஞ் சேந்து போயிருவே.”

“அது எனக்குத் தெரியும் மதினி” என்று சாதாரணமாகச் சொல்லிவிட்டு, சவாரிக்கு நேரமாகிவிட்டதென்று நாகஜோதி ஏறிப் போய்விட்டாள். முத்துத்தாய் அன்று சமைக்கவில்லை.

போன கார்த்திகையில் அது நெசமாகவே வந்தது. இரவெல்லாம் கொட்டிய மழை பொழுது வெளுக்கிற நேரத்தில் விட்டது. சனம் நிம்மதியாகக் கண்ணயர்ந்தபோது கண்மாய்க் கரை உடைந்து வாய் விழுந்தது. நாகஜோதியின் குரல் கேட்டது. கேஸ் மூடுகிற சத்தம், கதவுகள், மஞ்சப்பைகள். ஒத்திகையில் நடந்த அதே தெரு, கணுக்காலளவு தண்ணீரில் அதேபோல் மேடேறிப் போயிற்று. யாரும் யாரையும் பின்னாலிருந்து கூப்பிடவில்லை. ஒரு உயிர் பாக்கியில்லை, ஒருத்தியைத் தவிர.

நாகஜோதி இறங்கி வந்தாள். இப்போது தண்ணீர் அவள் முழங்காலுக்கு இருந்தது.

“வாங்க மதினி.”

முத்துத்தாய் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். தன் உயிரைப் பற்றி அவளுக்குப் பெரிய கவலை இல்லை. வெளியே நிற்கிறவளை எப்படியாவது அனுப்பிவிட வேண்டும். ‘நீ போ சோதி’ என்று ஒரு வார்த்தை சொல்லிவிடலாம். ஆனால் அந்த வார்த்தையைச் சொல்ல அவளுக்கு நாக்கு எழவில்லை. மேட்டிலிருந்து எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். விருமாண்டி இறங்கி வர எத்தனித்தார், அன்னக்கொடி அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். தண்ணீர் காக்கிச் சட்டையின் ஓரத்தைத் தொட்டது. நாகஜோதி கதவை விட்டுக் கண்ணை எடுக்கவே இல்லை.

“வாங்க மதினி.”

கதவு திறந்தது.

முத்துத்தாயின் தோளில் மஞ்சப்பை இருந்தது. முதல் ஒத்திகைக்குப் பிறகு நாகஜோதி கொண்டுவந்து கதவில் மாட்டிவிட்டுப் போன பைதான். அதிலிருந்த பாட்டிலில் அமாவாசைதோறும் முத்துத்தாய் தண்ணீர் மாற்றி வைத்தது ஊருக்குத் தெரியாது. நாகஜோதியும் அதைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. பின்னோக்கி நடக்கத் தொடங்கினாள், முகத்தை அவள் பக்கம் வைத்துக்கொண்டு. “வாங்க. அப்படித்தேன். வாங்க மதினி.”

பாதித் தெரு ஏறியிருப்பார்கள். சாக்கடை மேல் மூடியிருந்த கல் ஒன்றை வெள்ளம் புரட்டிப் போட்டிருந்தது. பின்னோக்கி நடந்தவளுக்கு எப்படித் தெரியும்? நாகஜோதியின் ஒரு கால் உள்ளே இறங்கியது. மார்பளவு தண்ணீரில் சாய்ந்து, பட்டறைச் சுவரை ஒரு கையால் பற்றிக்கொண்டாள். அப்போதும் மற்றக் கை முத்துத்தாயைப் பார்த்து ‘வாங்க, வாங்க’ என்றுதான் அசைந்தது. தன்னைத் தாண்டி ஏறிப் போகச் சொல்கிறாள்.

முத்துத்தாய் சுவரோரமாகக் காலால் தடவித் தடவி அவளைக் கடந்தாள். இரண்டு எட்டு மேலே ஏறினாள். அங்கே காளியம்மன் கோயில் படி இருந்தது. படியில் காலை ஊன்றி நின்றவள், அப்படியே முழுசாகத் திரும்பினாள். ஊரையே அழைத்துப் பழகிய அந்த முகத்துக்கு நேராகக் கையை நீட்டினாள்.

“வா சோதி.”