வீண்பெருமை என்கிற மணல்

மணல் எண்ணுவதுதான் லோகேஸ்வரிக்கு உத்தியோகம். கம்போங் மேடான் அடுக்குமாடியில் எதிர்வீட்டு இராஜம்மா அதைக் கேள்விப்பட்ட நாளிலிருந்து, "மணல எண்ணி மாளுமா லா? பைத்தியக்கார வேலையா இருக்கே" என்று சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள். லோகேஸ்வரியும் கூடச் சேர்ந்து சிரித்துக்கொள்வாள். உள்ளுக்குள் அந்த வேலையில் அவளுக்குக் கொஞ்சம் கர்வமே இருந்தது.

லம்பம் என்கிற ஈயச் சுரங்கங்களில் ஈயத்தை எடுத்தபின் மிஞ்சுகிற கருமணலை அமாங் என்பார்கள். அதற்குள் விலைபோகும் தாதுக்கள் நாலைந்து கலந்து கிடக்கும். எது எவ்வளவு என்று யாராவது சொன்னால்தான் வியாபாரி அதை விற்க முடியும். அதைச் சொல்வதற்காகப் பெட்டாலிங் ஜெயாவின் பழைய தொழிற்பேட்டையில், டயர்க் கடைக்கு மேல்மாடியில், ஒரு சின்ன ஆய்வுக்கூடம் இருந்தது. லோகேஸ்வரி இருபத்தெட்டு வயதில் அங்கே தட்டுக் கழுவச் சேர்ந்தாள். கழுவுகிற தட்டில் ஒட்டிய மணலைச் சும்மா உற்றுப் பார்த்துப் பார்த்தே நிறம் பிடிபட்டது, மினுக்கம் பிடிபட்டது. ஒருநாள் ஆள் குறைவாக இருக்கவே, முதலாளி ராதாகிருஷ்ணன் அவளை மைக்ராஸ்கோப் முன்னால் உட்காரச் சொன்னார். அதற்குப் பிறகு அந்த நாற்காலியில் வேறு யாரும் உட்காரவில்லை. இப்போது அவளுக்கு ஐம்பத்து நாலு.

சிர்க்கானையும் செனோடைமையும் பிரித்துச் சொல்வதில்தான் அவளுடைய கெட்டிக்காரத்தனம். இரண்டும் இரட்டைப் பிள்ளை மாதிரி, படித்தவர்களே தடுமாறுவார்கள். சிர்க்கான் கண்ணாடிபோலப் பளிச்சென்று இருக்கும். செனோடைம் எண்ணெய் தடவிய தேன்நிறம். சந்தேகம் வந்தால் காந்தத்தில் விடுவாள். சிர்க்கான் அசையாது, செனோடைம் இழுபடும்.

சிந்துஜா வந்தது பதினெட்டு வருஷத்துக்கு முன்னால். யாழ்ப்பாணத்து வம்சம். தாத்தா காலத்திலிருந்து அரசாங்க உத்தியோகம் பார்த்த குடும்பம். கெமிஸ்ட்ரி பட்டதாரி, லோகேஸ்வரியைவிட ஐந்தாறு வயது இளையவள். ஆட்கள் இருக்கும்போது லோகேஸ்வரி அவளை மேடம் என்பாள், இல்லாதபோது சிந்து. சம்பளம் வந்த சனிக்கிழமையில் இருவரும் பிரிக்பீல்ட்ஸ் போய் வாழையிலைச் சாப்பாடு சாப்பிட்டுவிட்டு வருவார்கள். லோகேஸ்வரியின் புருஷன் இறந்தபோது, காரியம் முடிகிறவரை அடுப்படியில் நின்றவள் சிந்துஜாதான்.

செனோடைம் என்ற பேருக்கு என்ன அர்த்தம் என்று ஒருநாள் லோகேஸ்வரி கேட்டாள். சிந்துஜா தேடிப் படித்துவிட்டு மறுநாள் வந்து சொன்னாள்.

"சுவீடன்ல ஒருத்தர், இந்தக் கல்லுக்குள்ள புது உலோகம் கண்டுபிடிச்சிட்டேன்னு சொன்னாராம் அக்கா. கடைசில பார்த்தா அது ஏற்கெனவே தெரிஞ்ச சாமான். பிரெஞ்சுக்காரர் ஒருத்தர் அவரைக் குத்திக் காட்டவே பேர் வெச்சாரு. கிரேக்கத்துல கெனோஸ்னா வெறுமை, டைம்னா மரியாதை. வீண்பெருமைன்னு வெச்சுக்கங்களேன்."

"அப்ப கெனோடைம்னுதான வரணும்?"

"எழுதும்போது ஒரு எழுத்து மாறிப் போச்சாம். செனோஸ்னா அந்நியன். இப்பப் பார்த்தா அந்நியனுக்கு மரியாதைன்னு அர்த்தம் வருது. ஒரு எழுத்துல கேலியே மரியாதை ஆயிடுச்சு!"

இருவரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். அன்றிலிருந்து அவர்களுக்குள் செனோடைமுக்குப் பேர் வீண்பெருமை. "அக்கா, இன்னிக்கு வீண்பெருமை எத்தனை?" என்று சிந்துஜா கணினி முன்னாலிருந்து கேட்பாள். "நூத்துக்கு மூணு" என்பாள் இவள். சிந்துஜா அதைப் படிவத்தில் தட்டுவாள். வெற்றுப் படிவங்களில் லோகேஸ்வரி காலையிலேயே மொத்தமாகக் கையெழுத்துப் போட்டுவைத்துவிடுவாள். அவள் பங்குக்கு ஒரு பள்ளிக்கூட நோட்டிலும் குறித்துக்கொள்வாள்: இல்மனைட்டுக்கு இ, சிர்க்கானுக்குச் சி, வீண்பெருமைக்கு வீ. வேறு காரணம் ஒன்றுமில்லை, பழக்கம்.

மே மாதம் ஒரு வியாபாரியின் மணல் வந்தது. எண்ணிக்கொண்டு போகையிலேயே அவளுக்கு ஆச்சரியம். "சிந்து, வீண்பெருமை அறுபத்திரண்டு! இத்தனை வருஷத்துல இப்படி நான் பார்த்ததே இல்ல" என்றாள். சிந்துஜா திரும்பிப் பார்க்காமல், "ஓகே அக்கா" என்றாள்.

ஆகஸ்டில் ஒரு புதன்கிழமை காலை இரண்டு அதிகாரிகள் வந்தார்கள். கிள்ளான் துறைமுகத்தில் ஒரு கொள்கலன் வாசலைத் தாண்டும்போது கதிர்வீச்சுக் கருவி அலறியிருக்கிறது. காகிதத்தில் சிர்க்கான் என்றிருக்கிறது. உள்ளே இருந்தது வேறு. செனோடைமில் கதிரியக்கம் உண்டு, லைசென்ஸ் இல்லாமல் கப்பலேற்ற முடியாது. சிர்க்கான் என்று சான்றிதழ் கொடுத்தது இந்த ஆய்வுக்கூடம்.

முதலாளி அறைக்கு லோகேஸ்வரியைக் கூப்பிட்டார்கள். மேசைமேல் அந்த மே மாத மணலின் படிவம் கிடந்தது. சிர்க்கான் தொண்ணூற்று நாலு, செனோடைம் பூஜ்யம். கீழே அவளுடைய கையெழுத்து.

மலாய்க்கார அம்மா ஒருவர்தான் பெரிய அதிகாரி. அவர் இவளைக் கேட்பதற்குமுன் சிந்துஜா முந்திக்கொண்டாள். நிதானமான மலாயில், இரக்கம் தொனிக்கப் பேசினாள். இவர் முறையாகப் படித்தவர் இல்லை. தட்டுக் கழுவ வந்தவர். இரண்டு தாதுவும் ஒரே மாதிரி இருக்கும். வயதும் ஆகிவிட்டது, கண் முன்போல இல்லை. வேண்டுமென்று செய்ததல்ல, தெரியாமல் நடந்த தவறு. தயவுசெய்து மன்னித்துவிடுங்கள்.

லோகேஸ்வரிக்கு முதலில் விளங்கவேயில்லை. யாருக்காகவோ சிந்து மன்றாடுகிறாள் என்றுதான் நினைத்தாள். அந்த 'இவர்' தான்தான் என்று உறைத்ததும் காது இரண்டும் சுட்டன. எழுந்து போய்த் தன் நோட்டை எடுத்துவந்து விரித்து வைத்தாள்.

"நான் எண்ணுனது இதுதான். அறுபத்திரண்டு."

அதிகாரி குனிந்து பார்த்தார். "இது என்ன எழுத்து?"

"வீ. செனோடைம்."

"செனோடைம் என்றால் வேறு எழுத்தில் அல்லவா தொடங்க வேண்டும்?"

அந்தப் பிரெஞ்சுக்காரன் கதையை மலாயில் சொல்ல அவளுக்கு வார்த்தை வரவில்லை. தடுமாறி, சிந்துஜா பக்கம் திரும்பினாள். "நீயே சொல்லும்மா சிந்து. நீ வெச்ச பேர்தான?"

சிந்துஜா நோட்டைப் பார்த்தாள். நன்றாகத்தான் பார்த்தாள். பிறகு அதிகாரியிடம், "எனக்குத் தெரியாது. அவங்க சொந்தக் கணக்கு ஏதாவது இருக்கும்" என்றாள்.

ராதாகிருஷ்ணன் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார்.

கண் சரியில்லை என்று சொன்னதைக்கூட லோகேஸ்வரி விழுங்கியிருப்பாள். இத்தனை வருஷம் தினம் தினம் வாயில் புரண்ட வார்த்தையை, கேள்விப்பட்டதே இல்லை என்று ஒருத்தி நேருக்கு நேர் சொல்ல முடியுமா? முடிந்தது. அவள் முகத்தில் ஒரு சுருக்கம் விழவில்லை.

அழுகை வந்தது. அழுதால் கண் சரியில்லாத கிழவி என்றே ஆகிவிடும் என்று அடக்கிக்கொண்டாள். ஒவ்வொரு மணலிலும் ஒரு குப்பி ஆறு மாதத்துக்கு எடுத்துவைப்பது வழக்கம். அலமாரியிலிருந்து அந்த மே மாதத்துக் குப்பியைத் தேடியெடுத்து அதிகாரி முன்னால் வைத்தாள்.

"புவான், என் பேச்ச நம்ப வேணாம். இத கொண்டுபோய்க் காந்தத்துல போடுங்க. இழுபட்டா செனோடைம். இழுபடலேன்னா நான் நாளைக்கே வேலைய விட்டுடுறேன்" என்றாள், தனக்குத் தெரிந்த மலாயில்.

குப்பிக்கும் நோட்டுக்கும் முத்திரை வைத்து எடுத்துப் போனார்கள். பதில் வர மூன்று வாரம் ஆயிற்று. அந்த மூன்று வாரமும் இருவரும் ஒரே அறையில், முதுகைக் காட்டிக்கொண்டு, வேலை பார்த்தார்கள். மதியம் லோகேஸ்வரி படிக்கட்டில் உட்கார்ந்து தனியாகச் சாப்பிட்டாள்.

குப்பியில் இருந்தது செனோடைம்தான். நூற்றுக்கு அறுபது. வியாபாரியின்மேல் வழக்குப் பதிவானது. ஆய்வுக்கூடத்துக்கு எச்சரிக்கை. சிந்துஜா ராஜினாமா கொடுத்துவிட்டு ஷா ஆலமில் வேறு வேலைக்குப் போனாள்; போகிற அன்று முதலாளி கேக் வெட்டினார். லோகேஸ்வரிக்கும் முதலாளியிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. நன்றிக் கடிதம் என்று நினைத்துப் பிரித்தாள். வெற்றுப் படிவத்தில் கையெழுத்துப் போட்டதும், அனுமதியில்லாமல் சொந்த நோட்டு வைத்திருந்ததும் தவறு, இனிமேல் இப்படி நடக்கக்கூடாது என்று எழுதியிருந்தது. படித்துவிட்டு மடித்துக் கைப்பையில் வைத்தாள். வேலையை விடவில்லை. விட்டால் யார் சோறு போடுவது?

தீபாவளிக்கு முந்தின வாரம் பிரிக்பீல்ட்ஸில் சேலைக் கடை வாசலில் சிந்துஜா எதிரே வந்துவிட்டாள். ஒதுங்க இடமில்லாத கூட்டம்.

"அக்கா."

"ம்."

"பாஸ்தான் கணக்க மாத்திப் போடச் சொன்னாரு. இந்த ஒரு தடவைன்னாரு. நான் என்ன செய்ய முடியும்?"

"என்கிட்ட சொல்லியிருக்கலாமே."

"சொன்னா ஒத்துக்கிட்டிருப்பீங்களா?"

"மாட்டேன்."

"அதான்." சிந்துஜாவின் குரல் உயர்ந்தது. "நான் உங்கள மாட்டிவிடல அக்கா. தெரியாம நடந்ததுன்னா வெறும் வார்னிங்கோட போயிருக்கும். உங்களுக்கும் ஒண்ணும் ஆயிருக்காது, எனக்கும் ஆயிருக்காது. நீங்கதான் அந்த நோட்ட எடுத்து வந்து வெச்சீங்க. பதினெட்டு வருஷப் பழக்கம், ஒரு நிமிஷம் யோசிச்சீங்களா?"

லோகேஸ்வரி அவளை நிமிர்ந்து பார்த்தாள். நடிப்பில்லை. கண்ணில் உண்மையாகவே தண்ணீர் நின்றது. தான் ஏமாற்றப்பட்டவள் என்றுதான் சிந்துவும் இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்திருக்கிறாள். கேட்பதற்கென்று லோகேஸ்வரி மூன்று மாதமாக வரிசைப்படுத்தி வைத்திருந்த கேள்விகளில் ஒன்றுகூட வாயில் வரவில்லை. யாரிடம் கேட்பது?

"வாங்கக்கா, ஒரு டீ குடிக்கலாம்" என்று சிந்துஜா கையைப் பிடித்தாள்.

"இல்லம்மா. ட்ரெயினுக்கு நேரமாச்சு."

எல்.ஆர்.டி. ரயில் நாலு நிமிஷத்துக்கு ஒன்று வரும் என்பது இருவருக்கும் தெரியும். சிந்துஜா மறுபடி கேட்கவில்லை.