எந்தப் பையன் எங்கள் அண்ணன்?

அண்ணனின் பதினாறாம் நாள் காரியத்தன்று, யாரோ பெற்ற பிள்ளையைக் காட்டி, "இதுதான் எங்க அண்ணன்" என்று சொந்தபந்தம் முழுவதையும் அழவைத்தவன் நான். அவர்களை முந்திக்கொண்டு நானே அழுதேன் என்பதையும் ஒளிக்காமல் எழுதிவிடுகிறேன்.

அண்ணன் பிறந்தது மட்டாஞ்சேரியில். அப்பா மிளகு மூட்டை சுமந்தவர். அம்மாவுக்கு நகரசபையில் துப்புரவு வேலை. அந்த வேலையே பிறகு அண்ணனுக்கும் வந்தது. விளக்குமாற்றின் பிடியை உள்ளங்கையில் இரண்டு தட்டு தட்டிவிட்டுத்தான் பெருக்கத் தொடங்குவார். அதுவும் அம்மாவிடமிருந்து வந்ததே. அந்தச் சம்பளத்தில் என்னைப் படிக்கவைத்தார். படிப்பு ஏறாதது அவர் குற்றமல்ல.

பொய்யே பேசாதவர் என்று எல்லோரும் சொல்வார்கள். எனக்கு மட்டும் ஒரு சந்தேகம் இருந்தது. குழந்தைகளை வைத்து எடுத்த ஒரு சிரிப்புக் குறும்படத்தில் சிறுவயதில் தானும் நடித்ததாகச் சொல்வார். வாழைக்குலை திருடிய பையன்களைத் தெருவே துரத்துகிற கறுப்பு-வெள்ளைப் படம். "எந்தப் பையன்?" என்று கேட்டால் மட்டும் பேச்சு சாயாவுக்குப் போய்விடும்.

அவர் படுக்கையில் விழுந்த சமயம் அந்தப் படம் எப்படியோ என் போனுக்கு வந்தது. கட்டிலருகே உட்கார்ந்து, ஒவ்வொரு பையனாக நிறுத்திக் காட்டினேன்.

"இவனா?"

"அல்லடா."

"அப்ப இந்தத் தடியனா?"

"நீ நல்லா நோக்கு."

"நோக்கி நோக்கிக் கண்ணு போச்சு. நீங்க இதுல உண்டா, இல்லையா?"

சிரித்தார், இருமினார், சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். என் சந்தேகம் முற்றியது. அந்த வாரமே போய்விட்டார்.

போனபிறகு வேறு பயம் பிடித்தது. ஊராரும் என்னைப்போலவே சந்தேகப்பட்டால்? அண்ணனுக்குப் பொய்யர் என்ற பெயர் வரக்கூடாது. அதனால்தான் பதினாறாம் நாள் டிவியில் படத்தைப் போட்டு, புசுபுசுக் கன்னக்காரன் ஒருவனை நானே அண்ணனாக நியமித்தேன். எல்லோரும் கண்ணைத் துடைக்க, அண்ணி சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். அழுகை என்று நினைத்தேன். சிரிப்பு.

"தம்பி, அவனில்ல. பின்னால நிக்கிற பொண்ணைப் பாருங்க."

பாவாடை, இரட்டைச் சடை, கையில் விளக்குமாறு. திருடர்களைத் துரத்துவதற்குமுன் அந்தப் பெண் பிடியை உள்ளங்கையில் இரண்டு தட்டு தட்டினாள்.

அண்ணன் பொய் சொல்லவில்லை. இந்த ஓராண்டு நினைவு நாளில் அதை எழுத்தில் வைக்கத்தான் இந்தப் பக்கம். அவரைத் தோளில் சுமந்த நகரசபைத் தோழர்களுக்கும், அன்று எங்களுக்குச் சோறாக்கிப் போட்ட அக்கம்பக்கத்து வீட்டாருக்கும் நன்றி. அந்தப் பாவாடையைத் தைத்தவர் எங்கிருந்தாலும் அவருக்கும்.

அந்தப் பதினாறாம் நாள் எல்லோரும் போனபின் அண்ணியிடம் கேட்டேன்: "உங்ககிட்ட சொன்னவரு எங்கிட்ட ஏன் மறைச்சாரு?"

"உங்க வாய்க்குப் பயந்துதான். 'நான் செத்தாலும் விடமாட்டான், அச்சடிச்சே ஊருக்குக் கொடுத்துருவான்'னாரு."