ஆவுடைத்தாயின் எட்டு மாதத் தாமதம்

ஆவுடைத்தாய் போன மாதக் கடைசியில் ஓய்வு பெற்றாள். எங்கள் ஆபீசில் ஓய்வு பெறுகிறவர்களைப் பற்றி ஒரு பக்கம் எழுதி வாசிப்பது வழக்கம். சூப்பரண்டு என்ற முறையில் நான்தான் எழுதினேன், மலையாளத்தில். நல்ல உழைப்பாளி, முகம் கோணாதவள் என்றெல்லாம். அத்தனையும் உண்மை. அதில் எழுதாமல் விட்டதைத்தான் இப்போது தமிழில் எழுதுகிறேன். ஆபீசில் என்னைத் தவிரத் தமிழ் படிக்கத் தெரிந்தவள் அவள் ஒருத்திதான், அவளும் போய்விட்டாள். என் தைரியத்தின் லட்சணம் அவ்வளவுதான்.

புளியங்குடிப் பக்கமிருந்து பொன்முடி எஸ்டேட்டுக்குக் கொழுந்து கிள்ள வந்தவர்களின் மகள் அவள். லயத்தில், எஸ்டேட்டின் வரிசை வீட்டில் பிறந்து, மலையடியில் விதுராவில் மலையாளத்தில் படித்து, அரசாங்க வேலைக்கான பி.எஸ்.சி. பரீட்சையில் நாற்பத்தொன்றாம் ரேங்க் வாங்கினாள். பட்டணத்தில், சாலைக் கடைத்தெருவில் சௌகரியமாக உட்கார்ந்து படித்த குற்றாலலிங்கத்துக்கு, அதாவது எனக்கு, நாற்பத்தேழு. இருவருக்கும் ஒரே நாளில் ஆர்டர் வந்தது. நான் மறுநாளே போய்ச் சேர்ந்தேன். அவள் மூன்று நாள் கழித்துத்தான் வந்தாள். மழையில் மண் சரிந்து மலையிலிருந்து பஸ் இறங்கவில்லை.

அந்த மூன்று நாளுக்குச் சட்டத்தில் மதிப்பில்லை. எங்கள் வேலையில் யார் மூத்தவர் என்பதைச் சேர்ந்த தேதி சொல்லாது, பி.எஸ்.சி. ரேங்க்தான் சொல்லும். அவள்தான் எனக்கு மூத்தவள். மத்தியானம் ஒன்றாகத்தான் சாப்பிடுவோம். "சூப்பரண்டு கசேரல ஒரு நாளாவது இருந்துட்டுத்தான் ரிட்டயர் ஆவேன், கேட்டோ லிங்கண்ணே" என்பாள். "இரு, யாரு வேண்டாம்னா?" என்பேன். மனசாரத்தான் சொன்னேன், நாற்காலி நிஜமாகவே காலியாகும் வரை.

ஒரே ஒரு இடம் காலியானது. சீனியாரிட்டி லிஸ்டைப் புதிதாகத் தயாரித்த கிளார்க் ஜினு, விவரம் தெரியாமல், சேர்ந்த தேதியை வைத்து அடுக்கிவிட்டார். என் பெயர் மேலே, அவள் பெயர் கீழே. அந்த லிஸ்டைச் சுற்றிக் கொண்டுபோய் 'கண்டேன்' என்று ஒவ்வொருவரிடமும் கையெழுத்து வாங்குவது என் வேலை. ஆட்சேபம் இருந்தால் ஒரு மாதத்துக்குள் எழுதித் தரவேண்டும். ஆனால் எங்கள் ஆபீசில் யார் படிக்கிறார்கள்? ஃபைலைக் கண்டதும் பேனாவைத் திறப்பார்கள், அவ்வளவுதான். நான் படித்தேன். "ஜினு, தப்பா இருக்கு" என்று சொல்ல அரை நிமிஷம் போதும். சொல்லவில்லை.

"எந்தாண்ணே இது?" என்றாள் ஆவுடை.

"சீனியாரிட்டி லிஸ்ட். ஒப்பு போடு."

"எல்லாம் சரிதானே?"

"நான் பாத்தாச்சு."

எங்கள் பெயர்கள் இருந்த வரிகள்மேல் என் உள்ளங்கை இருந்தது. தாள் பறக்காமல் பிடித்துக்கொண்டிருக்கிறேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அன்றைக்குக் கரண்டே இல்லை, மேலே ஃபேன் ஓடவில்லை. "அண்ணன் பாத்தாச்சுன்னா பின்னே நான் எதுக்கு" என்று சிரித்தபடியே போட்டாள்.

மாதம் முடிந்தது, லிஸ்ட் உறுதியானது, நான் சூப்பரண்டு ஆனேன். அவள் வந்து வாழ்த்துச் சொன்னாள். எட்டு மாதம் கழித்து ட்ரிப்யூனலில் கேஸ் போட்டாள். எனக்கு வந்ததே கோபம்! கூட உட்கார்ந்து சாப்பிட்டவள் என்மேல் கேஸ் போடுகிறாளா என்று வீட்டில் கத்தினேன். வெட்கங்கெட்டவன்!

என் வக்கீல் இரண்டே விஷயம் சொன்னார். லிஸ்டைக் கண்டதாக அவளே கையெழுத்துப் போட்டிருக்கிறாள். உறுதியான பிறகும் எட்டு மாதம் வாய் திறக்கவில்லை. ஏன் இந்தத் தாமதம் என்று கேட்டார்கள். அவளுடைய வக்கீல் அவள் பக்கம் திரும்பினார். அவள் என்னை ஒருதரம் பார்த்தாள். பிறகு, ஒன்றுமில்லை என்று தலையை ஆட்டிவிட்டாள். மனு தள்ளுபடி. நான் கான்டீனுக்குப் போய் இரண்டு பழம்பொரி தின்றேன். ருசித்துத் தின்றேன்.

ஹெட் கிளார்க்காகவே ஓய்வு பெற்றாள். ஓய்வு பெறுகிறவரை எல்லாருமாக வீடுவரை கொண்டுபோய் விடுவதும் எங்கள் ஆபீஸ் வழக்கம். சால்வையும் மாலையுமாக ஜீப்பில் விதுரா போனோம். மற்றவர்கள் உள்ளே போய்விட்டார்கள். முற்றத்தில் நானும் அவளும்தான். இன்றைக்கும் சொல்லாவிட்டால் பிறகு என்றைக்கு என்று தோன்றியது.

"ஆவுடை, அந்த லிஸ்ட்ல..."

"கை வச்சு மறச்சீங்களே, அதா?" என்றாள். "ஃபைனல் லிஸ்ட் வந்த அன்னிக்கே எனக்கு மனசிலாயி."

"பின்னே எட்டு மாசம் ஏன் சும்மா இருந்தே?"

"அண்ணனே வந்து சொல்லுவீங்கன்னு இருந்தேன். ஓணத்துக்குள்ள சொல்லுவீங்கன்னு நெனச்சேன். பின்னே மாசிப் பொங்காலைக்குள்ள சொல்லுவீங்கன்னு நெனச்சேன்." மாலையைக் கழற்றிக் கையில் சுருட்டிக்கொண்டாள். "அத எப்படிண்ணே கோர்ட்ல சொல்ல?"

என் தாமதத்துக்கு அவள் தோற்றிருக்கிறாள். காலில் விழுந்திருக்க வேண்டும். மன்னித்துவிடு என்று ஒரு வார்த்தையாவது சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை.

"வாங்க, சாயா ஆறிப்போகும்" என்று உள்ளே அழைத்துப் போனாள். கூடத்தில் கைவைத்த நாற்காலி ஒன்றுதான் இருந்தது. அதில் ஏற்கனவே உட்கார்ந்திருந்த தன் அண்ணனை எழுப்பிவிட்டு, "சூப்பரண்டு சார் இங்க இருக்கட்டும்" என்றாள்.

உட்கார்ந்தேன்.